கேள்வி மட்டும் கேட்கலாம்: டான்போர்த்தில் சோக்கிரட்டீசோடு ஒரு சனிக்கிழமை

போன செப்டெம்பரில் மூன்று கிழமை ரொறன்ரோவில் நின்றேன். நயாகரா பார்த்தேன், நனைந்தேன், எல்லாரும் நின்று படம் எடுக்கிற அதே இடத்தில் நின்று அதே படத்தை எடுத்தேன். அதைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள். நான் எழுத வந்தது, ஒரு சனிக்கிழமை முழுவதும் டான்போர்த் வீதிப் பக்கம் ஒரு மண்டபத்துக்குள் அடைபட்டிருந்து பழைய கிரேக்கத் தத்துவம் படித்த கதையை. கொட்டாவி விடாதீர்கள். அந்தப் பயணத்தில் நான் வயிறு குலுங்கச் சிரித்த நாள் அதுதான்.

என்னைப் பற்றிப் பழைய வாசகர்களுக்குத் தெரியும். வெள்ளவத்தையில் பல் வைத்தியர். வருடத்துக்கு ஒரு முறை கிளினிக்கைப் பூட்டிவிட்டு எங்காவது போய்வந்து இங்கே எழுதுவேன். இந்த முறை தங்கியது அக்கா வீட்டில். அக்காவும் அத்தானும் ஸ்காபரோவின் வடக்கு விளிம்பில், மில்லிக்கனில், பதினெட்டு வருடமாக ஒரே வீட்டில் இருக்கிறார்கள். அத்தான் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர்; நித்திரையில் மட்டும்தான் கதைக்கமாட்டார், அதுவும் நிச்சயமில்லை. அக்கா அளந்து பேசுகிறவள். வீட்டுக்குப் பக்கத்துப் பிளாசாவில் ஒரு டேகெயாரில் வேலை, நடந்தே போய் வருவாள். கார் ஓடமாட்டாள். ஒருமுறை பழகி, ஒருமுறை பயந்து, அதோடு விட்டுவிட்டாள்.

அவர்களின் மகள் ஆரணி ஒட்டாவாவில் வேலை செய்கிறாள். பெற்றோரின் கலியாண நாளுக்கு எல்லாப் பிள்ளைகளும் சாப்பாட்டுக் கடைக்குக் கூட்டிப்போவார்கள். இவள் தத்துவப் பட்டறைக்கு டிக்கெட் வாங்கிக் கொடுத்திருந்தாள். நான் வருகிறேன் என்றதும் எனக்கும் ஒன்று. தலைக்கு நாற்பத்தைந்து டொலர், மதியச் சாப்பாட்டோடு. போனில் எனக்குத் தனியாக ஒரு கட்டளையும் வந்தது.

“சித்தி, இட்ஸ் நொட் எ லெக்சர், ஓகே? எல்லாரும் கதைக்கோணும். அப்பா மட்டும் கதைக்காமல் பாத்துக்கொள்ளுங்கோ, ப்ளீஸ்.”

அத்தானுக்கு விஷயம் பிடிக்கவேயில்லை. “எனக்கும் கிரேக்கனுக்கும் என்ன சம்பந்தம்? சனிக்கிழமை புல்லு வெட்டோணும்.”

“பிள்ளை காசு கட்டிட்டுது. திருப்பித் தரமாட்டினமாம்” என்றாள் அக்கா. வழக்கு அத்தோடு முடிந்தது. 

பட்டறைக்கு முதல்நாள் நடந்ததையும் சொல்லவேண்டும், இல்லாவிட்டால் மிச்சம் விளங்காது. வெள்ளிக்கிழமை பின்னேரம் என்னை விட்பி என்ற ஊருக்குக் கூட்டிப்போனார்கள், வாங்கப்போகிற புது வீட்டைக் காட்ட. மில்லிக்கனில் இருந்து நாற்பது கிலோமீற்றருக்குக் கிட்ட. வெள்ளி நெரிசலில் ஒன்றேகால் மணித்தியாலம். நான்கு அறை, இரண்டு மாடி, கண் கூசும் வெள்ளைச் சுவர். தெருவில் நட்டிருந்த மரங்கள் என் உயரம்கூட இல்லை. சுற்றிவர வீடுகள், வீடுகள், பிறகும் வீடுகள். ஒரு கடையைக் காணவில்லை. விலை ஒத்துவந்துவிட்டது, ஞாயிறு இரவுக்குள் கையெழுத்து வைத்தால் சரி, மில்லிக்கன் வீட்டை விற்க வேண்டியதுதான் என்றார் அத்தான்.

அக்கா குசினியில் அடுப்புக்குப் பக்கத்துக் கல் மேசையைத் தடவிப் பார்த்து, “நல்ல குசினி” என்றாள். 

“உமக்குப் பிடிச்சால் சரி” என்றார் அத்தான்.

“உங்கட விருப்பம்” என்றாள் அக்கா.

இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். “நல்ல வெளிச்சமான வீடு” என்றேன். வேறு என்ன சொல்வது? விருந்தாளி வாயைத் திறந்தால், வந்த இடத்தில் குழப்பம் பண்ணிவிட்டுப் போனாள் என்ற பெயர்தான் மிஞ்சும். திரும்பி வரும்போது காருக்குள் அத்தான் ரேடியோவை மட்டும் திருகிக்கொண்டு வந்தார். வீட்டுக்கு வந்ததும் அக்கா நேரே பின்வளவுக்குப் போனாள். பக்கத்து வீட்டுச் சீனப்பெண் மே வேலிக்கு மேலால் ஒரு கட்டுக் கீரை நீட்டினாள், அக்கா ஒரு கொத்துக் கறிவேப்பிலை நீட்டினாள். இருவருக்கும் பொது மொழி என்று பெரிதாக ஒன்றும் இல்லை, ஆனாலும் அரைமணித்தியாலம் நின்று கதைத்தார்கள். விட்பி வீட்டுக் குசினியில் அக்காவின் முகம் இப்படி இருக்கவில்லை. அன்று இரவு எனக்குச் சரியாக நித்திரை வரவில்லை. இந்த வீடு போய்விட்டால் அவள் அந்த வெள்ளைச் சுவர்களுக்குள் தனியே என்ன செய்வாள்? ஆனால் கேட்க எனக்கு என்ன உரிமை?

சரி, சனிக்கிழமை. காலைச் சாப்பாடு இடியப்பமும் சொதியும். நான் வந்திறங்கிய முதல்நாள் இடியப்பம் நல்லாயிருக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டேன். அன்றிலிருந்து அத்தான் தினமும் விடியப் பிளாசாவுக்குப் போய் இடியப்பம் வாங்கி வருகிறார். ஒன்பது மணிக்குக் கிளம்பினோம். கார் வேண்டாம் என்று நான் பிடிவாதம் பிடித்தேன். டான்போர்த்தில் சனிக்கிழமை பார்க்கிங் தேடுவது தலையிடி. கென்னடி வீதி பஸ் எடுத்து கென்னடி ஸ்டேஷனுக்கு முப்பத்தைந்து நிமிடம், அங்கிருந்து சப்வேயில் செஸ்டர் ஸ்டேஷனுக்கு இருபத்தைந்து நிமிடம். கார்டைத் தட்டினால் மூன்றரை டொலருக்குள் வரும், இரண்டு மணித்தியாலத்துக்குள் பஸ்ஸும் ரெயினும் மாறி மாறி ஏறலாம். முதல் சில நிமிடம் ரெயின் வெளிச்சத்தில் ஓடும், பிறகு நிலத்துக்குள் போய்விடும். இடப்பக்கம் இருந்தாலும் வலப்பக்கம் இருந்தாலும் ஒன்றுதான், சண்டை பிடிக்காதீர்கள்.

அக்காவின் மடியில் ஒரு பெரிய அலுமினியத் தட்டு. என்ன என்று கேட்டேன். பொரித்த ரோல்ஸ், அறுபது. பாதி ஆட்டிறைச்சி, பாதி மரக்கறி.

“அவையள் சாப்பாடு தருவினம் அக்கா. ரிக்கெட்டில போட்டிருக்கு.”

“அதுக்காக? வெறுங்கையோட போறதோ?”

செஸ்டரில் இறங்கினால் வெளியே கிரேக்கக் கடைகள். நீலமும் வெள்ளையுமாகப் பெயர்ப்பலகை, பேக்கரிக் கண்ணாடிக்குப் பின்னால் சீனிப் பாணியில் ஊறிய பலகாரம், நடைபாதையில் கதிரை போட்டுக் கோப்பி குடிக்கும் கிழவர்கள். இரண்டு சந்தி நடந்தால் மண்டபம். வாசலில் எங்களை வரவேற்றவள் எலெனி. ஐம்பது வயது இருக்கும், இதே தெருவில் பிறந்து வளர்ந்தவள், குரல் சந்தைக்குக் கேட்கும். எங்களைத் தவிரப் பதினைந்து பேர் வந்திருந்தார்கள். ஒரு பஸ் டிரைவர், இரண்டு தாதிகள், ஒரு கிரேக்கத் தாத்தா, மாணவர்கள் சிலர். அறுபது ரோல்ஸைக் கண்டதும் எலெனி நெஞ்சில் கைவைத்து, “நீங்கள் கிரேக்கர்களா?” என்று கேட்டாள். என் பயணத்தில் கிடைத்த மிகப் பெரிய பாராட்டு அது.

பத்தரைக்குத் தொடங்கியது. மேசை, கரும்பலகை ஒன்றும் இல்லை. பழைய ஏதென்ஸ் சந்தையில் சோக்கிரட்டீஸ் போகிறவர் வருகிறவரையெல்லாம் மறித்துக் கேள்வி கேட்டதுபோல நாங்களும் மண்டபத்தைச் சுற்றி நடந்து, எதிர்ப்படுகிறவரை மறித்துக் கேட்க வேண்டும். துணிவு என்றால் என்ன? நட்பு என்றால் என்ன? ஒரே ஒரு விதி: கேள்வி மட்டும் கேட்கலாம். புத்திமதி சொன்னாலோ சொந்த அபிப்பிராயத்தைச் செருகினாலோ எலெனி மணி அடிப்பாள். ஆட்டுக் கழுத்தில் கட்டுகிற பித்தளை மணி, கிரேக்கக் கிராமமொன்றில் இருந்து கொண்டு வந்ததாம்.

அத்தான் பஸ் டிரைவரை மறித்தார். “நட்பு என்றால் என்ன?” என்று நன்றாகத்தான் ஆரம்பித்தார். அந்த மனிதர் யோசிக்க முதல், “நான் சொல்கிறேன் கேளுங்கள்” என்றார். மணி. இரண்டாம் ஆள், மணி. மூன்றாம் ஆளிடம் வாயைத் திறக்கும்போதே எலெனி மணியைத் தூக்கிவிட்டாள். “உது என்ன சட்டம்? மனிசர் ஒரு நல்லது சொல்லக்கூடாதோ?” என்று என்னிடம் வந்து முறையிட்டார். மணி சத்தம் கேட்டபோதெல்லாம் அக்கா கைலேஞ்சியால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள்.

தேநீர் நேரத்தில்தான் எங்கள் பெருமை வெளிப்பட்டது. அத்தான் அக்காவிடம் போனார்.

“தேத்தண்ணி வேணுமோ?”

“இருக்கோ?”

“இல்லாமல் கேப்பனோ?”

“சீனி போட்டதோ?”

“போடாட்டில் நீர் குடிப்பீரோ?”

இது சண்டையா என்று எலெனி பயந்து கேட்டாள். வரிக்கு வரி மொழிபெயர்த்துச் சொன்னேன். அவள் கதிரையில் இருந்துவிட்டாள். “ஐந்து கேள்வி, ஒரு பதில்கூட இல்லை! இவர்களுக்கு நான் என்ன படிப்பிப்பது?” என்றாள்.

அடுத்த விளையாட்டு கூழாங்கல். ஆளுக்கு ஐந்து. ஒவ்வொரு கல்லுக்கும் மனதில் ஒரு கவலையை நினைத்து, அது நம் கையில் உள்ளது என்றால் ஒரு கூடையில், நம் கையில் இல்லாதது என்றால் மற்றக் கூடையில் போட வேண்டும். நம் கையில் இல்லாததற்காக மனம் புண்படுவது வீண் என்பது அந்தக் காலத்தில் ஒரு கிரேக்கக் கூட்டத்தாரின் கொள்கை. நான் விமான டிக்கெட், மழை, கிளினிக் வாடகை, கரண்ட் பில், இடுப்புவலி எல்லாவற்றையும் மளமளவென்று எறிந்தேன். அக்கா நான்கைப் போட்டாள். ஐந்தாவது கையிலேயே இருந்தது.

“இது எதுக்குள்ள போடுறதெண்டு தெரியேல்லை” என்றாள் என்னிடம், மெல்ல. கல்லைக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டாள். அது எந்தக் கவலை என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

மதியச் சாப்பாடு பருப்புச் சூப்பு, வெதுப்பிய பாண், ஒலிவ். ஒலிவ் அப்படியே இருக்க ரோல்ஸ் முடிந்துவிட்டது. கிரேக்கத் தாத்தா கடைசி ரோலைக் கடதாசியில் சுற்றிச் சட்டைப்பைக்குள் வைத்ததை என் கண்ணால் கண்டேன்.

ஒன்றரைக்கு முக்கியமான பகுதி. சோக்கிரட்டீசின் தாய் மருத்துவிச்சி என்று எலெனி சொன்னாள். தாய் பிள்ளை எடுத்தாள், மகன் ஆட்களின் மனதுக்குள் இருப்பதைக் கேள்வி கேட்டு வெளியே எடுத்தான். இனி நாங்களும் மருத்துவிச்சிகள். மூன்று மூன்று பேராகப் பிரிய வேண்டும். ஒருவர் கேட்பார், ஒருவர் பதில் சொல்வார், மூன்றாமவர் வாயே திறக்கக்கூடாது. குழுவுக்கு ஒன்றாக எலெனி தந்த மணி மட்டும் கையில். பதில் சொல்கிறவர் நழுவினால், அல்லது தன்னை விட்டு வேறு யாருடைய மனதைச் சொன்னாலும், மணி. எந்த மொழியிலும் கதைக்கலாம். இன்னும் முடிவெடுக்காத உண்மையான விஷயமாக இருக்க வேண்டும்.

நாங்கள் மூவரும் ஒரு குழு. மணியை அத்தான் கையில் நானே கொடுத்தேன், ஆரணியின் கட்டளை நினைவிருக்கிறது அல்லவா? நான் கேட்பவள், அக்கா சொல்பவள்.

“எதைப் பற்றிக் கதைப்பம்?” என்றேன்.

“இரவைக்கு என்ன சமைக்கிறதெண்டு.”

“அதுவோ உன்ர நித்திரையைக் கெடுக்கிறது?”

அக்கா கைப்பையைத் தடவினாள். “வீடு” என்றாள்.

“அந்த வீடு உனக்குப் பிடிச்சிருக்கோ?”

“பிடிக்காமல் என்ன?”

அத்தான் உற்சாகமாக மணி அடித்தார். நழுவல்.

“சரி, என்ன பிடிச்சிருக்கு?”

“அவருக்குப் பிடிச்சிருக்கு.”

மணி அடிக்கவில்லை. திரும்பிப் பார்த்தேன். அத்தான் வாயைத் திறந்தார், விதி நினைவு வந்து மூடினார், அக்காவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மணியை ஒரே ஒரு தரம், மெல்ல ஆட்டினார்.

“அவருக்குப் பிடிச்சிருக்கெண்டு அவர் உன்னட்டச் சொன்னவரோ?”

“ஆறு மாசமாச் சனி ஞாயிறெல்லாம் வீடு பாத்துத் திரியிறார். சொல்லோணுமோ?”

மணி.

“சொன்னவரோ, இல்லையோ?”

“…இல்லை.”

“அவர் இருக்கட்டும். உனக்கு?”

என் தொழிலில் நான் நாள் முழுக்கக் கேள்வி கேட்கிறவள். எப்படி இருக்கிறீர்கள், பிள்ளைகள் என்ன படிக்கிறார்கள் என்றெல்லாம். வாய்க்குள் என் இரண்டு கையும் இருக்கும்போது யார் பதில் சொல்வது? வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு கேள்வியைக் கேட்டுவிட்டு அதன் பதிலுக்குக் காத்திருந்தேன். அக்கா நிலத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், அத்தானைப் பார்க்கவேயில்லை.

“எனக்கு அந்த வீடு வேண்டாம்” என்றாள்.

அதோடு நிற்கவில்லை, அணை உடைந்துவிட்டது. “நான் கார் ஓடமாட்டன். அங்கை ஒரு போத்தில் பால் வாங்கிறதெண்டாலும் இவர் வரும்வரைக்கும் யன்னலைப் பாத்துக்கொண்டு நிக்கோணும். என்ர டேகெயார்ப் பிள்ளையள், என்ர பிளாசா, மே… எல்லாத்தையும் விட்டிட்டு அங்கை போய் நாலு அறையையும் கூட்டிக்கொண்டிருக்கிறதோ? எனக்கு மில்லிக்கன் காணும். எனக்கு அது காணும்!” அழுதேவிட்டாள். எனக்கும் கண் நிரம்பிவிட்டது.

அப்போதுதான் மணி அடிக்கத் தொடங்கியது. கோயில் திருவிழா மாதிரி. அத்தான் வாயை இறுக்க மூடிக்கொண்டு, முகம் சிவக்க, இரண்டு கையாலும் மணியை ஆட்டுகிறார். மண்டபம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. எலெனி ஓடிவந்து, “பேசுங்கள், பேசுங்கள், விதியை எடுத்துவிட்டேன்!” என்றாள்.

“இஞ்சேரும்!” என்று வெடித்தார் அத்தான். “போன மாசியில விட்பியில ஒரு புதுவீட்டுக் குடிபூரலுக்குப் போயிட்டு, இப்பிடி ஒரு குசினி இருந்தால் வேற என்ன வேணும் எண்டு சொன்னது ஆர்? நீர்தானே?”

“ஐயோ, குடிபூரலுக்குப் போனால் பின்னை என்னத்தைச் சொல்லுறது? குசினி சரியில்லை எண்டோ?”

“அப்ப நான் ஆறு மாசமா ஆருக்கு வீடு தேடினனான்?”

“நான் என்ன கண்டன்? கூட்டாளியள் எல்லாம் விட்பிக்குப் போறாங்கள், உங்களுக்கும் ஆசையாக்கும் எண்டு நினைச்சனான்.”

“எனக்கோ? ஆசையோ? அங்கையிருந்து தினமும் வேலைக்கு வாறதை நினைச்சாலே எனக்கு நெஞ்சை அடைக்குது! இன்னும் பத்து வருசம் வீட்டுக்கடன் கட்டோணும். உமக்காகத்தானேயப்பா பல்லைக் கடிச்சுக்கொண்டு ஓமெண்டனான்!”

முதலில் சிரித்தது அக்கா. அழுகையோடு சிரிப்பும் சேர்ந்து, மூச்சு எடுக்க முடியாமல், அத்தானின் தோளில் அடித்து அடித்துச் சிரித்தாள். என்ன நடந்தது என்று பதினைந்து பேரும் என்னைக் கேட்டார்கள். எங்கள் வழக்கத்தையும் சேர்த்துச் சொன்னேன்: புது வீட்டுக்குப் போனால் எல்லாவற்றையும் புகழ வேண்டும், யாராவது மனதைக் கேட்டால் ‘உங்கட விருப்பம்’ என்று சொல்ல வேண்டும். பஸ் டிரைவர் தொடையில் தட்டிச் சிரித்தார். எலெனி கண்ணைத் துடைத்துக்கொண்டு, “மருத்துவிச்சிக்கு வாழ்த்துகள். இரட்டைப் பிள்ளை!” என்றாள். அக்கா கைப்பையைத் திறந்து அந்த ஐந்தாவது கல்லை எடுத்து, ‘நம் கையில்’ கூடையை நோக்கி எறிந்தாள். குறி தப்பி அது கிரேக்கத் தாத்தா இன்னும் முடிக்காத சூப்புக் கோப்பைக்குள் விழுந்தது. எடுத்து ஒழுங்காகப் போட்டோம்.

மூன்றரைக்குப் பட்டறை முடிந்தது. நடைபாதையிலேயே நின்று அத்தான் வீட்டுத் தரகருக்குப் போன் அடித்தார். அவரும் எங்கள் ஆள்தான். “இல்லைத் தம்பி, வேண்டாம். கையெழுத்து வைக்கேல்லை. ஏனோ? சோக்கிரட்டீஸ் வேண்டாமெண்டிட்டார்.” சிறிது நேரம் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு எங்களிடம் திரும்பிச் சொன்னார், “சோக்கிரட்டீஸ் எந்த ஏஜன்ட், பக்கத்து ரவுண் மார்க்கத்து ஆளோ எண்டு கேக்கிறான்.”

பிறகு பேக்கரியில் பாணிப் பலகாரமும் கோப்பியும், மூவருக்கும் இருபத்தாறு டொலர். அத்தான் அரைமணித்தியாலம் மூச்சு விடாமல் கதைத்தார், யாரும் மணி அடிக்கவில்லை. 

போக நினைக்கிறவர்களுக்குச் சில வார்த்தை. இப்படியான பட்டறைகள் ரொறன்ரோவில் வசந்தத்திலும் இலையுதிர் காலத்திலும் நடக்கும், நூலக அறிவித்தல் பலகைகளில் தேடினால் கிடைக்கும். இருபது பேருக்கு மேல் சேர்க்கிற இடமென்றால் விட்டுவிடுங்கள், நடக்க இடம் இருக்காது. தத்துவம் முன்கூட்டிப் படிக்கத் தேவையில்லை. ஆங்கிலம் சரளமாக வராது என்று பயப்படாதீர்கள், உங்கள் மொழியில் கேட்க விடுவார்களா என்று பதியும்போதே விசாரியுங்கள். சப்பாத்து மெத்தென்று இருக்கட்டும். கணவன் மனைவியாகப் போகிறவர்கள், முடிவெடுக்க வேண்டிய காரியம் ஏதும் இருந்தால் அதற்கு முதல்நாள் அல்ல, ஒரு மாதம் முதலே போங்கள். எங்களுக்கு நூலிழையில் தப்பியது.

அழுத பிள்ளைதான் பால் குடிக்கும் என்று எங்கள் ஆட்கள் சொல்வார்கள். சொல்லிவிட்டு, அழுவது மரியாதையில்லை என்று பிள்ளைக்குப் பழக்கியும் விடுவார்கள். மற்றவரின் மனம் நோகக்கூடாது என்று நாம் சொல்லும் நல்ல வார்த்தைகள் நல்லவைதான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் ஒரு வீடே கைமாறப் பார்த்ததே!

அன்று இரவு அக்கா குசினியில் நின்று பாட்டு முணுமுணுத்தாள். கல் மேசை இல்லாத, ஒரு இழுப்பறை சரியாக மூடாத அந்தப் பழைய குசினி. கோப்பையைத் துடைத்துக்கொண்டே என்னிடம் திரும்பினாள்.

“நாளைக்குக் காலமைக்கு உனக்கு என்ன வேணும்?”

“உன்ர விரு…” என்று தொடங்கினேன். அக்கா கரண்டியை எடுத்துப் பானையில் ணங் என்று ஒன்று அடித்தாள்.

இரண்டு கிழமையாகத் தொண்டையில் நின்றதைச் சொன்னேன். “அக்கா, கோவிக்காதே. எனக்கு இடியப்பம் வேண்டாம். பாணும் சம்பலும் தா.”

முன்னறையில் இருந்து அத்தானின் குரல் கேட்டது. “அப்பாடா! எனக்கும் பாண். உமக்காகத்தான் மச்சாள் நான் உதைத் தின்னுறன்.”